தோன்றா எழுவாய்

வெண்டைக்காயும் தக்காளியும் சம அளவு. வெண்டை பிஞ்சாக இருக்க வேண்டும். அதை அரிந்துகொள்ள வேண்டும். தக்காளியைத் தோலுரிக்க வேண்டும். இரண்டையும் தண்ணீர் விடாமல் பாத்திரத்தில் போட்டு, ஓர் உருண்டை வெண்ணெய், பொடியாக நறுக்கிய வெங்காயம், மிளகு, உப்பு சேர்த்து ஒரு மணி நேரம் வேகவிட வேண்டும். 1824இல் வெளியான 'தி வர்ஜீனியா ஹவுஸ்-வைஃப்' என்ற சமையல் நூலில் இருக்கும் ஒரு குறிப்பின் சாரம் இது. நூலை எழுதியவர் மேரி ராண்டால்ஃப். அமெரிக்கத் தென்மாநிலச் சமையலின் முதல் பெரிய நூல்களில் ஒன்று என்று இதைச் சொல்வார்கள்.

இருநூறு ஆண்டுகள் கழித்தும் அந்தக் குறிப்பு பெரிதாக மாறவில்லை. தெற்கத்திய வீடுகளில் கோடைக்காலத்தில் இன்றும் இதைச் செய்கிறார்கள். வெண்ணெய்க்குப் பதில் பன்றி இறைச்சி வறுத்தபோது இறங்கிய கொழுப்பில் வெங்காயத்தை வதக்குவார்கள். வெண்டைக்காயைப் போட்டுச் சில நிமிடம் புரட்டிவிட்டுத் தக்காளியைச் சேர்ப்பார்கள். தக்காளியின் புளிப்பு வெண்டையின் கொழகொழப்பை அடக்கும்; அடங்கிய கொழகொழப்பு தக்காளிச் சாற்றைக் கெட்டியாக்கும். நம் ஊர்ப் புளிக்குழம்பில் வெண்டைக்காயைப் போடும் எவருக்கும் இந்தக் கணக்கு தெரியும். வெள்ளைச் சோற்றின் மேல் ஊற்றிச் சாப்பிடுவார்கள்.

தமிழ் இலக்கணம் படித்தவர்களுக்கு ஏவல் வினை தெரியும். 'நறுக்கு', 'உரி', 'வேகவை' என்று சொன்னால் வாக்கியத்தில் எழுவாய் வெளிப்படையாக இராது. 'நீ' என்பது மறைந்து நிற்கும். அதைத் தோன்றா எழுவாய் என்கிறோம். சமையற்குறிப்பு முழுவதுமே ஏவல் வினைகளால் ஆனது. 1824இல் வாஷிங்டனில் அச்சான அந்தக் குறிப்பில் மறைந்து நிற்கும் 'நீ' யார்?

மேரி ராண்டால்ஃப் 1762இல் பிறந்தவர். வர்ஜீனியாவின் பெரும் தோட்ட முதலாளிக் குடும்பங்களில் ஒன்றைச் சேர்ந்தவர். அவருடைய சகோதரர், அமெரிக்காவின் மூன்றாம் குடியரசுத் தலைவர் தாமஸ் ஜெஃபர்சனின் மகளை மணந்தவர். குடும்பத்தின் செல்வம் சரிந்தபோது மேரி ரிச்மண்ட் நகரில் உணவு விடுதி நடத்தினார். ஒரு பெண் தன் அறிவைத் தொழிலாக்கிப் பின்னர் நூலாகவும் ஆக்கியது பெண் வரலாற்றில் பதிய வேண்டிய செய்திதான். ஆனால் அவர் மனிதர்களை உடைமையாக வைத்திருந்தவர். அந்த வர்க்கத்து வீடுகளில் எஜமானி குறிப்பு சொல்வார். அடுப்படியில் ஒரு மணி நேரம் நிற்பவர் வேறொரு பெண். அடிமைப்படுத்தப்பட்ட கறுப்பினப் பெண்.

பண்டங்களின் பெயரே பாதி வரலாற்றைச் சொல்லிவிடும். ஆங்கிலத்தில் வெண்டையைக் குறிக்கும் 'ஓக்ரா' என்ற சொல் இன்றைய நைஜீரியாவின் இக்போ மொழியிலிருந்து வந்தது. லூசியானாவின் புகழ்பெற்ற 'கம்போ' என்ற உணவின் பெயர், வெண்டைக்காயைக் குறிக்கும் ஆப்பிரிக்கப் பாண்டு மொழிச் சொல்லிலிருந்து வந்தது. தக்காளி அமெரிக்கக் கண்டத்துப் பயிர். 'டொமாட்டோ' மெக்சிகோவின் நவாட்ல் மொழிச் சொல். செனகல் நாட்டில் இன்றும் வெண்டைக்காயைப் பனையெண்ணெயில் குழம்பாக்கிச் சோற்றோடு உண்கிறார்கள். ஆக, ராண்டால்ஃபின் நூலில் இருப்பது ஆப்பிரிக்கக் கைப்பக்குவம், அமெரிக்கத் தக்காளியோடு. அதே நூலில் கம்போவுக்கும் குறிப்பு உண்டு. அதை மேற்கிந்தியத் தீவுகளின் உணவு என்று சொல்கிறார். அந்தத் தீவுகளுக்கு அதைக் கொண்டுசேர்த்தவர்கள் யார் என்பது அங்கே எழுதப்படவில்லை.

ஆப்பிரிக்காவிலிருந்து நேரடியாக வட அமெரிக்காவுக்குக் கடத்திக் கொண்டுவரப்பட்டவர்கள் சுமார் 4 லட்சம் பேர். 1860 கணக்கெடுப்பில் அமெரிக்காவில் அடிமைப்படுத்தப்பட்டிருந்தவர்கள் 39 லட்சத்துக்கும் மேல். இந்தப் பெருக்கம் எப்படி நடந்தது? 1662இல் வர்ஜீனியாவில் ஒரு சட்டம் இயற்றினார்கள். குழந்தையின் நிலை தாயின் நிலையைப் பொறுத்தது என்றது அது. தகப்பன் எஜமானாகவே இருந்தாலும் அடிமைத்தாயின் குழந்தை அடிமை. பெண்ணின் கருப்பை எஜமானின் சொத்துக் கணக்கில் ஏறியது. வன்புணர்வு லாபம் தரும் செயலானது.

இங்கே ஒரு தாவரவியல் செய்தி. வெண்டையும் பருத்தியும் ஒரே குடும்பத்துச் செடிகள். நம் செம்பருத்தியும் பூவரசும்கூட அதே குடும்பம். பூவைப் பார்த்தாலே உறவு தெரிந்துவிடும். தெற்கில் கறுப்பினப் பெண்கள் பகல் முழுதும் எஜமானின் பருத்தியைப் பறித்தார்கள். இருட்டிய பிறகும் ஞாயிற்றுக்கிழமையும் தங்கள் குடிசையோரத் துண்டு நிலத்தில் வெண்டையையும் கீரையையும் வளர்த்தார்கள். எஜமான் அளந்து தந்தது சோளமாவும் உப்பிட்ட பன்றி இறைச்சியும்தான். மேரிலாந்தில் தான் கண்ட படியளவை ஃபிரடெரிக் டக்ளஸ் 1845இல் எழுதினார்: வளர்ந்த ஆள் ஒருவருக்கு மாதத்துக்கு 8 பவுண்டு இறைச்சி, அதாவது மூன்றரை கிலோவுக்குச் சற்று அதிகம், அதோடு ஒரு புஷல் சோளமாவு. மீதி உணவை அந்தத் துண்டு நிலம்தான் கொடுத்தது.

பருத்திச் செடியிலிருந்தும் அந்தப் பெண்கள் தங்களுக்கென்று ஒன்றை எடுத்துக்கொண்டார்கள். பருத்திவேர்ப் பட்டையை மென்று கருவைத் தடுத்தார்கள், கலைத்தார்கள். அக்கால வெள்ளை மருத்துவர்களே இதைக் குறைசொல்லி எழுதியிருக்கிறார்கள். 1930களில், முன்பு அடிமைகளாக இருந்த முதியவர்களிடம் அரசு எடுத்த நேர்காணல்களிலும் இது வருகிறது. 1662ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பெண்கள் கொடுத்த பதில் அது. எந்தச் செடியை எதற்குப் பயன்படுத்துவது என்ற அறிவு சமையலுக்கு மட்டும் உரியதாக இருக்கவில்லை.

பெரிய வீட்டுக்குள் சமைத்த பெண்களின் நிலை வயலைவிட மேல் என்று ஒரு கதை உண்டு. தெற்கின் சமையற்கட்டு பெரும்பாலும் வீட்டைவிட்டுத் தள்ளித் தனிக் கட்டடமாக இருந்தது. வெக்கையும் தீ விபத்தும் எஜமானர் வீட்டை அண்டக்கூடாது. சமைப்பவள் பல இடங்களில் அங்கேயே படுத்தாள். அழைத்த நேரத்தில் எழுந்தாள். ஹாரியட் ஜேக்கப்ஸ் 1861இல் வெளியிட்ட தன்வரலாற்றில் ஒரு எஜமானியைப் பற்றி எழுதுகிறார். உணவைப் பரிமாறி முடித்ததும் அந்த அம்மாள் சமையற்கட்டுக்கு வந்து சட்டிபானைகளில் எல்லாம் எச்சில் துப்புவாராம். சமைத்தவளும் அவள் பிள்ளைகளும் ஒட்டியிருக்கும் குழம்பை வழித்துத் தின்றுவிடக் கூடாது என்பதற்காக. பெண் என்பதால் மட்டும் ஒருத்தி இன்னொருத்திக்குத் தோழியாகிவிடுவதில்லை. இந்தக் காட்சியைக் கணக்கில் கொள்ளாத பெண்ணியம் பாதிப் பெண்களைத்தான் பேசும்.

ஜெஃபர்சனின் சமையற்கட்டில் நின்ற ஈடித் ஃபாசெட்டின் பெயர் நமக்குத் தெரியும். 1802இல், 15 வயதில், குடியரசுத் தலைவர் மாளிகைக்கு அழைத்துச் செல்லப்பட்டு பிரெஞ்சுச் சமையலைக் கற்றார். கூலி கிடையாது; மாதம் 2 டாலர் அன்பளிப்பு. பின்னர் மான்டிசெல்லோவில் பல ஆண்டுகள் தலைமைச் சமையலராக இருந்தார். விருந்தாளிகள் உணவைப் புகழ்ந்து எழுதினார்கள். 1826இல் ஜெஃபர்சன் இறந்தார். கடனை அடைக்க 1827 ஜனவரியில் அடிமைகளை ஏலம் விட்டார்கள். கொல்லரான கணவர் ஜோசப்புக்கு உயில் மூலம் விடுதலை. ஈடித்தும் பிள்ளைகளும் ஏலத்தில். கைப்பக்குவம் அவரைக் காப்பாற்றவில்லை.

இனி எழுவாய் தோன்றும் இடத்துக்கு வருவோம். 1866இல் மிச்சிகனில் ஒரு சிறு நூல் அச்சாயிற்று. எழுதியவர் மலிண்டா ரஸ்ஸல், டென்னசியைச் சேர்ந்த, அடிமையாக இல்லாத கறுப்பினப் பெண். கணவரை இழந்து, கை ஊனமுற்ற மகனை வளர்த்தவர். தங்கும் விடுதியும் இனிப்புக் கடையும் நடத்திச் சேர்த்த பணத்தைக் கொள்ளையர்களிடம் பறிகொடுத்தார். ஊர் திரும்பப் பணம் வேண்டும் என்பதற்காகவே நூலை வெளியிடுவதாக முன்னுரையில் சொல்கிறார். தனக்குச் சமையல் கற்றுத் தந்தவர் ஃபேனி ஸ்டூவர்ட் என்ற கறுப்பினச் சமையலர் என்று பெயர் சொல்கிறார். தான் சமைக்கும் முறை 'வர்ஜீனியா ஹவுஸ்-வைஃப்' வழி என்றும் சொல்கிறார். கறுப்பினப் பெண்களின் கையிலிருந்து வெள்ளை எஜமானியின் நூலுக்குப் போன அறிவு, இன்னொரு கறுப்பினப் பெண்ணின் பெயரில் திரும்பி வருகிறது. அதுவும் எப்படி! நூலில் பெரும்பகுதி கேக்குகளும் இனிப்புகளும். கறுப்பினச் சமையல் என்றால் எஞ்சியதையும் கழித்ததையும் வேகவைப்பதுதான் என்ற நினைப்பை அது அன்றே பொய்யாக்கியது. அந்நூலின் ஒரே ஒரு பிரதிதான் 2000ஆம் ஆண்டையொட்டிக் கண்டெடுக்கப்பட்டது.

அடுத்தவர் அபி ஃபிஷர். தென் கரோலினாவில் அடிமைத்தனத்தில் பிறந்தவர். பதினொரு பிள்ளைகளின் தாய். போருக்குப் பின் அலபாமாவிலிருந்து சான் ஃபிரான்சிஸ்கோவுக்குச் சென்று ஊறுகாய், பழப்பாகு விற்கும் தொழிலை நடத்தினார். கண்காட்சிகளில் பதக்கம் வென்றார். அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அவர் சொல்லச் சொல்ல மற்றவர்கள் எழுதினார்கள். 1881இல் பெண்கள் கூட்டுறவு அச்சகம் ஒன்று அதை வெளியிட்டது. வெண்டைக்காய் கம்போவும் அதில் உண்டு. எழுதியவர்களின் காதுக்குத் தெற்கத்திய உச்சரிப்பு பிடிபடவில்லை. 'சக்கோட்டாஷ்' என்ற உணவு 'சர்க்யூட் ஹாஷ்' என்று அச்சாகியிருக்கிறது. அந்தப் பிழையில் ஃபிஷரின் குரல் கேட்கிறது.

நூலின் தலைப்பைத் தமிழில் சொன்னால்: 'பழைய தெற்கத்தியச் சமையல் பற்றித் திருமதி ஃபிஷர் அறிந்தவை'. 'திருமதி' என்பதையும் 'அறிந்தவை' என்பதையும் கவனியுங்கள். தெற்கில் கறுப்பினப் பெண்ணை வெள்ளையர் 'திருமதி' என்று அழைக்க மாட்டார்கள். இளையவளாக இருந்தால் வெறும் பெயர்; மூத்தவளாக இருந்தால் 'ஆன்ட்டி'. 1963இல் அலபாமா நீதிமன்றத்தில் வழக்கறிஞர் தன்னை 'மேரி' என்று அழைத்ததால், மேரி ஹாமில்டன் என்ற போராளி பதில் சொல்ல மறுத்தார், அதற்காகத் தண்டிக்கப்பட்டார். மறு ஆண்டு உச்ச நீதிமன்றம் அந்தத் தண்டனையை ரத்து செய்தது. ஒரு மரியாதைச் சொல்லுக்கு உச்ச நீதிமன்றம்வரை போக வேண்டியிருந்தது. ஃபிஷரின் நூலட்டையில் அது 1881லேயே அச்சாகியிருக்கிறது.

ஆனால் சந்தைக்குத் தேவைப்பட்டது திருமதி ஃபிஷர் அல்ல, சிரித்த முகத்து 'ஆன்ட்டி'. 1889இல் 'ஆன்ட் ஜெமைமா' என்ற பெயரில் தோசைமாவு போன்ற பான்கேக் மாவு விற்பனைக்கு வந்தது. 1893 சிகாகோ உலகக் கண்காட்சியில், அடிமையாகப் பிறந்த நான்சி கிரீன் அந்த வேடத்தில் நின்று சமைத்துக் காட்டினார். 1923இல் விசுவாசமான 'மம்மி'களுக்கு வாஷிங்டனில் சிலை வைக்க அமெரிக்க செனட் ஒப்புதல் தந்தது. கறுப்பினப் பெண்கள் எதிர்த்தார்கள், சிலை எழவில்லை. சமையல்காரிக்குச் சிலை வைக்கத் துணிந்த நாடு அவளுக்குக் கூலிச் சட்டம் தரவில்லை. 1935ஆம் ஆண்டுச் சமூகப் பாதுகாப்புச் சட்டமும் 1938ஆம் ஆண்டுக் குறைந்தபட்சக் கூலிச் சட்டமும் வீட்டு வேலையாட்களை வெளியே நிறுத்தின. கூலிச் சட்டம் அவர்களைத் தொட 1974 ஆயிற்று. ஜெமைமாவின் பெயர் பொட்டலத்திலிருந்து நீங்க 2021 ஆயிற்று.

அதற்காக அவர்கள் காத்துக் கிடக்கவில்லை. ஃபிஷரின் நூல் வந்த அதே 1881இல் அட்லாண்டாவின் சலவைப் பெண்கள் கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்தார்கள். இருபது பேரோடு தொடங்கிய சங்கம் சில வாரங்களில் மூவாயிரம் பேரானது. 1955இல் மாண்ட்கோமெரி பேருந்துப் புறக்கணிப்பின்போது சமையல் தொழிலாளியான ஜார்ஜியா கில்மோர், பெண்களைச் சேர்த்து உணவும் இனிப்பும் செய்து விற்று இயக்கத்துக்குப் பணம் திரட்டினார். பணம் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் 'எங்கிருந்தும் இல்லை' என்று சொல்லலாம் என்பதற்காக அந்தக் குழுவுக்கே 'எங்குமில்லாத இடத்துச் சங்கம்' என்ற பொருளில் பெயர் வைத்தார்கள். 381 நாள் போராட்டத்தின் மாற்று வண்டிகளுக்குப் பெட்ரோல் போட்ட பணத்தில் அந்த அடுப்படியின் பங்கும் இருந்தது. இங்கே எழுவாய் மறைந்தது, பெண்கள் தாமே தெரிந்து மறைத்ததால். தங்கள் வேலை பறிபோகாமல் இருப்பதற்காக.

பெண்ணை அடுப்படியில் அடைத்ததை எதிர்ப்பது பெண்ணியத்தின் பழைய, நியாயமான வேலை. அதோடு இன்னொரு வேலையும் உண்டு: அடுப்படியில் உருவான அறிவு யாருடையது, அதன் கூலி யாருக்குப் போனது, நூலில் பெயர் யாருடையது என்று கேட்பது. மாணவிகள் வீட்டிலிருக்கும் எந்தச் சமையல் நூலிலும் இதைச் செய்து பார்க்கலாம். ஏதாவது ஒரு குறிப்பை எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு வினைக்கும் எழுவாயை எழுதுங்கள். அரிந்தது யார், தேய்த்துக் கழுவியது யார், விறகு கொண்டுவந்தது யார், கடைசியாகச் சாப்பிட்டது யார்.

சம அளவு வெண்டைக்காய், தக்காளி. ஒரு மணி நேரம். எளிய உணவுதான். நாமும் செய்து சாப்பிடலாம், சுவையாகவே இருக்கும். எவர் பெயரைச் சொல்லிச் செய்கிறோம் என்று இனி தெரிந்திருக்கும்: ஈடித் ஃபாசெட், ஃபேனி ஸ்டூவர்ட், மலிண்டா ரஸ்ஸல், திருமதி அபி ஃபிஷர்.