மூன்றாண்டில் வந்த தீர்ப்பும் மேலும் எட்டாண்டும்

மதுரையை அடுத்த திருப்பரங்குன்றத்தில் மலையடிவாரத்தில் முருகன் கோயிலும், உச்சியில் சிக்கந்தர் பாதுஷா தர்காவும் பள்ளிவாசலும் இருப்பதை நாம் அறிவோம். இம்மலை எவருக்கு உரியது என்ற கேள்வியை 1920இல் கோயில் தேவஸ்தானம் மதுரை சார்பு நீதிமன்றத்தில் எழுப்பியது. நம்மவர்கள் பிரதிவாதிகள், அரசும் உரிமை கோரியது.

1923இல் நீதிபதி எல்லையைத் தெளிவாக வகுத்தார். பள்ளிவாசலும் கொடிமரமும் நிற்கும் உச்சிப்பாறை, அதற்கு ஏறும் படிக்கட்டு, நெல்லித்தோப்பு, அங்கிருந்த புதிய மண்டபம் ஆகியவை முஸ்லிம்களுக்கு. தீர்வை விதிக்கப்பட்டுப் பயன்பாட்டில் இருந்த நிலங்கள் நீங்கலாக, எஞ்சிய மலை கோயிலுக்கு. இரு தரப்பின் உரிமையும் ஒரே தாளில் எழுதப்பட்டது என்பதை நாம் மறந்துவிடுகிறோம். மறுதரப்பிலும் மறப்பவர் உண்டு.

1926இல் சென்னை உயர்நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றி, மலையை அரசின் பக்கம் சேர்த்தது. வழக்கு கடல் கடந்து இலண்டன் பிரிவி கவுன்சிலை அடைந்தது. 1931இல் அங்கே கிடைத்த முடிவு, மதுரையில் 1923இலேயே சொல்லப்பட்டதுதான்! இத்தனை பயணமும் புறப்பட்ட இடத்திற்கே திரும்புவதற்காகத்தானா?

2025இல் ஆடு, கோழி அறுப்பது குறித்தும் மலைமேல் தீபம் ஏற்றுவது குறித்தும் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் வழக்குகள் நடந்தபோது, வழக்கறிஞர்கள் விரித்துப் படித்ததும் அந்த 1923ஆம் ஆண்டுத் தீர்ப்பையே.