தமிழக வீடுகளில் அரைக்கும் வேலை: அம்மி முதல் கிரைண்டர் வரை

அம்மி, ஆட்டுக்கல், உரல், திருகை ஆகியவை தமிழக வீடுகளில் தானியங்களையும் மசாலாப் பொருள்களையும் குத்தவும் உடைக்கவும் அரைக்கவும் பயன்பட்டவை. மின்கருவிகள் பரவும் வரை வீட்டுப் பெண்களின் ஒரு நாள் பெரும்பாலும் இவற்றைச் சுற்றியே அமைந்தது. இவை புழக்கத்திலிருந்து விலகிய வரலாறு, வீட்டு வேலையின் சுமையில் எது குறைந்தது, எது குறையவில்லை என்பதைக் காட்டுகிறது.

கருவிகள்

ஒவ்வொன்றுக்கும் தனி வேலை உண்டு. உரலில் நெல்லும் கம்பும் உலக்கையால் குத்தப்பட்டன. திருகையின் இரு வட்டக் கற்களுக்கிடையே பயறு உடைக்கப்பட்டது, கேழ்வரகு மாவாக்கப்பட்டது. அம்மியில் மிளகாய், மல்லி, தேங்காய் ஆகியவை நீர் தெளித்து அரைக்கப்பட்டன. ஆட்டுக்கல்லில் இட்லி, தோசை மாவு ஆட்டப்பட்டது. கல் தேய்ந்து வழுவழுப்பானால் சரியாக அரைபடாது. எனவே உளியால் கொத்திச் சொரசொரப்பாக்கித் தரும் தொழிலாளர்கள் தெருத்தெருவாக வந்தனர்.

உலக்கையால் குத்தும்போது பெண்கள் பாடுவது வள்ளைப்பாட்டு எனப்பட்டது. சிலப்பதிகாரத்தின் வாழ்த்துக் காதையில் இவ்வகைப் பாட்டு இடம்பெற்றுள்ளது. மணமகள் அம்மி மிதிக்கும் திருமணச் சடங்கு இன்றும் பல சமூகங்களில் தொடர்கிறது.

நாளின் ஒழுங்கு

மறுநாள் காலை இட்லி வேண்டுமென்றால் முதல் நாளே வேலை தொடங்கும். அரிசியையும் உளுந்தையும் தனித்தனியே ஊறவைத்து, மாலையில் ஆட்டி, உப்புச் சேர்த்துக் கரைத்து, இரவு முழுவதும் புளிக்க வைக்க வேண்டும். ஒரு கை குழவியைச் சுற்ற, மறு கை மாவைத் தள்ளிவிடும். பெரிய குடும்பத்துக்கு மாவாட்ட ஒரு மணி நேரத்துக்கு மேலும் ஆகும். இந்த உழைப்பினாலேயே பல வீடுகளில் இட்லியும் தோசையும் பண்டிகை நாள் பலகாரமாக மட்டும் இருந்தன. அன்றாடம் பழைய சோறோ கூழோ தான் காலை உணவு.

ஆலையும் மின்சாரமும்

முதலில் ஓய்வு பெற்றது உரல். இருபதாம் நூற்றாண்டில் அரிசி ஆலைகள் பெருகியபோது வீட்டில் நெல் குத்தும் வேலை குறைந்தது. ஆனால் பிறர் வீட்டு நெல்லைக் குத்திக் கொடுத்துக் கூலி பெற்றுவந்த ஏழைப் பெண்கள் அந்த வருமானத்தை இழந்தனர். ஒரு வீட்டில் ஓய்வு தந்த இயந்திரம் இன்னொரு வீட்டில் அடுப்பை அணைத்தது.

1950-களில் கோயம்புத்தூரில் மின் கிரைண்டர் உருவானது. ஆட்டுக்கல்லில் கல் அசையாது, குழவி சுழலும். இதிலோ கல் சுழல, குழவி ஓரிடத்தில் நிற்கும்படி அமைத்தனர். 1960-களில் இந்தியச் சமையலுக்கேற்ற மிக்சி வந்து அம்மியின் வேலையை ஏற்றது. கோயம்புத்தூர் வெட் கிரைண்டருக்கு 2005-06-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. 2011-இல் தமிழக அரசு குடும்ப அட்டைதாரர்களுக்கு மிக்சி, கிரைண்டர், மின்விசிறி ஆகியவற்றை விலையின்றி வழங்கும் திட்டத்தைத் தொடங்கியது. வசதியுள்ள வீடுகளில் மட்டுமே இருந்த கருவிகள் இதனால் எளிய வீடுகளுக்கும் சென்றன.

மாறியதும் மாறாததும்

தோள்வலி குறைந்தது; நேரம் மிஞ்சியது. மிஞ்சிய நேரம் முழுவதும் ஓய்வாகிவிடவில்லை. என்றோ ஒருநாள் செய்த இட்லி அன்றாட உணவாயிற்று. அதற்கேற்ப ஊறவைப்பதும் கழுவுவதும் அன்றாட வேலைகளாயின. அவற்றைச் செய்பவரும் மாறவில்லை. மத்திய அரசின் 2019 நேரப் பயன்பாட்டு ஆய்வின்படி, இந்தியாவில் ஊதியமில்லா வீட்டு வேலையில் ஈடுபட்ட பெண்கள் நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடங்களும் ஆண்கள் 97 நிமிடங்களும் அதில் செலவிட்டனர். ஆய்வு நடந்த நாளில் அவ்வேலையில் ஈடுபட்ட பெண்கள் 81.2 விழுக்காட்டினர், ஆண்கள் 26.1 விழுக்காட்டினர் மட்டுமே. குழவியைச் சுற்றும் வேலையை மின்சாரம் ஏற்றுக்கொண்டது. மற்ற வேலைகளைப் பகிர்ந்துகொள்ள வேண்டியவர்கள் வீட்டிலுள்ள மனிதர்களே.