செத்தவன் எழுந்து வரும் ஆட்டம்

2021-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில், ஐந்து நாள் இடைவெளியில், தமிழர் வீடுகளுக்குள் இரண்டு காட்சிகள் நுழைந்தன. 12-ஆம் தேதி ஜீ தமிழ்த் தொலைக்காட்சியில் நடிகர் அர்ஜுன் முன்னின்று நடத்திய ‘சர்வைவர்’ தொடங்கிற்று. ஸான்ஸிபார் தீவில் சிலரைக் கொண்டுபோய் விட்டு, பசியிலும் மழையிலும் போட்டியிலும் வாட்டி, ஒருவரை ஒருவர் வாக்களித்து விலக்கச் செய்து, கடைசியில் எஞ்சி நிற்பவருக்குப் பரிசளிக்கும் அந்த ஏற்பாடு 1997-இல் ஸ்வீடன் நாட்டில் பிறந்து உலகைச் சுற்றி நம்மிடம் வந்தது. 17-ஆம் தேதி கொரிய நாட்டு ‘ஸ்குவிட் கேம்’ நெட்பிளிக்ஸில் வெளியாயிற்று. கடனில் மூழ்கிய 456 பேர், பால்யத்தில் தெருவில் ஆடிய ஆட்டங்களையே மறுபடியும் ஆடி, தோற்றவர் தோற்ற இடத்திலேயே சுட்டுக் கொல்லப்படுகிற கதை அது.

இவ்விரண்டில் பின்னதைப் பற்றியே உலகம் அதிகமாகப் பேசிற்று. வடசென்னைக்காரர் ஒருவர் அதைப் பார்த்தால் நெஞ்சில் தைக்கக்கூடிய செய்தி ஒன்றும் அதில் உண்டு. கதாநாயகன் மோட்டார் தொழிற்சாலையில் வேலை செய்து, ஆட்குறைப்பை எதிர்த்த வேலைநிறுத்தத்தோடு பிழைப்பையும் இழந்தவன். 2009-இல் கொரியாவின் ஸாங்யாங் மோட்டார் கம்பெனியில் நடந்த போராட்டத்தை மனத்தில் வைத்தே அவனை உருவாக்கியதாக இயக்குநர் ஹ்வாங் டாங்-ஹியுக் சொல்லியிருக்கிறார். ஆலைத் தொழிலாளியின் வாழ்க்கையும் பிள்ளைகளின் தெரு ஆட்டமும் ஒரே மூச்சில் பேசப்படும் அக்கதையைக் கண்டபின், அவ்விரண்டும் ஒரே சந்துகளில் வளர்ந்த ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர், எண்ணூர்ப் பிரதேசத்தின் விளையாட்டுச் சரித்திரத்தை எழுதிப் பார்க்கவேண்டும் என்ற ஆவல் எனக்கு உண்டாயிற்று.

அச்சரித்திரம் மணலில் தொடங்குகிறது. 1856-ஆம் ஆண்டு ஜூலை முதல் தேதி தென்னிந்தியாவின் முதல் ரயில் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு நோக்கிப் புறப்பட்டபோது, அந்த நிலையத்துக்குக் கிழக்கே மீனவர் வலை உலர்த்தவும், கட்டுமரம் ஏற்றவும், பிள்ளைகள் ஓடி விழுந்து புரளவும் அகன்ற கடற்கரை இருந்தது. 1870-களின் நடுவில் துறைமுகத்தின் அலைதடுப்புச் சுவர்களைக் கட்டத் தொடங்கினார்கள். 1881-ஆம் ஆண்டுப் புயல் அவற்றைச் சிதைத்தும் மீண்டும் கட்டினார்கள். கரையை ஒட்டித் தெற்கிலிருந்து வடக்காக மணலை உருட்டிச் செல்வது சென்னைக் கடலின் இயல்பாதலால், குறுக்கே எழுந்த கற்சுவர் அம்மணலைத் தெற்கே தேக்கி மெரினாவை உலகம் வியக்கும் விரிந்த கரையாக ஆக்கிற்று. மணல் வரவு நின்றுபோன வடக்கிலோ, கடல் ஆண்டுதோறும் உள்ளே ஏறி, ராயபுரம் தொடங்கித் திருவொற்றியூருக்கு அப்பாலும் கரையைத் தின்று, குடிசைகளையும் தின்று, முடிவில் பாறாங்கற்களைக் கொட்டி அதைத் தடுக்கவேண்டிய நிலையை உண்டாக்கிற்று. ஒரே துறைமுகம் தென்சென்னைக்கு உலாவும் இடத்தைக் கொடுத்து, அத்துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர்களின் பிள்ளைகளிடமிருந்து ஆடும் இடத்தை எடுத்துக்கொண்டது என்பதை நான் சாதாரணமான பூகோளச் செய்தியாக எண்ணவில்லை. வடசென்னையின் ஆட்டங்கள் சந்துக்குள்ளும் திண்ணைக்குள்ளும் பலகைக்குள்ளும் சுருங்கியதற்கு அது ஒரு பிரதான காரணம் என்பதே என் அபிப்பிராயம்.

சந்தில் ஆடியவை எவை? கொரியக் கதையின் முதற்காட்சிகளில் ஒருவன் மடித்த காகிதச் சதுரத்தை இன்னொன்றால் அடித்துப் புரட்டுகிறான். அதற்கு ஒப்பான ஆட்டத்தை இங்கே சிகரெட் அட்டையிலும் தீப்பெட்டிப் படத்திலும் ஆடினார்கள். தரையில் ஒரு வட்டம் கீறி, ஒவ்வொருவனும் தன் பங்கு அட்டைகளை அதன் நடுவே அடுக்கி, சில அடி தள்ளி நின்று தட்டையான கல்லை வீசுவான்; வட்டத்துக்கு வெளியே சிதறிய அட்டை வீசியவனுக்குச் சொந்தம். சார்மினாருக்கு ஒரு மதிப்பு, கோல்டு பிளேக்குக்கு ஒரு மதிப்பு, அரிதாக அகப்படும் அயல்நாட்டு அட்டைக்கு எல்லாவற்றிலும் மேலான மதிப்பு என்று பிள்ளைகளே நாணயமாற்று விகிதம் வகுத்து வைத்திருந்தார்கள். திருவொற்றியூரில் தீப்பெட்டி செய்த விம்கோ கம்பெனி, 1923-இல் ஸ்வீடன் நாட்டுத் தீப்பெட்டி முதலாளிகளால் இந்தியாவில் தொடங்கப்பட்டது. ஆலையின் பெயர் நகருக்கு ஆகி, 2021-இல் மெட்ரோ ரயில் நிலையத்துக்கும் ஆகிவிட்டது. அதே ஊரில் 1946-இல் ஒரு கொட்டகையில் பிள்ளைகளுக்கான ரப்பர் பலூன் செய்யத் தொடங்கியதே பின்னர் எம்.ஆர்.எஃப். டயர்க் கம்பெனியாக வளர்ந்தது என்பதையும் இங்கே சொல்லிவிடலாம்.

இந்த அட்டை ஆட்டத்தில் என் கவனத்தைக் கவர்வது ஒன்று உண்டு. கையிலிருந்த அட்டை முழுவதையும் தோற்றவன் அழுதுகொண்டே வீட்டுக்குப் போவது அபூர்வம்; ஜெயித்தவனே அவனிடம், “இந்தாடா, நாலு வச்சுக்க, நாளைக்குக் குடு” என்று எண்ணிக் கொடுப்பான். எதிராளி இல்லாவிட்டால் ஆட்டம் இல்லை என்பது அவனுக்குத் தெரியும். கொரியக் கதையில் மனிதர்களைக் கொல்வதற்கு வழி செய்வதே கடன்தான். சந்து ஆட்டத்தில் கடன்தான் தோற்றவனை மறுபடியும் வட்டத்தின் ஓரத்தில் கொண்டுவந்து நிறுத்திற்று.

கோலியில் தண்டனை கொடியது. தோற்றவன் கைமுட்டியைத் தரையில் ஊன்றிக் காட்ட, வென்றவர்கள் தம் கோலியால் அதைக் குறிபார்த்து அடிப்பார்கள், முட்டி சிவந்து வீங்கும். ஆயினும் அடி முடிந்ததும் அடுத்த ஆட்டத்தில் அவனுக்குப் பழைய இடம் உண்டு. ‘லாக் அண்ட் கீ’ என்று பிள்ளைகள் சொல்லும் ஓட்ட விளையாட்டில், துரத்துகிறவன் கை பட்டவன் பட்ட இடத்தில் கல்லாய் நிற்கவேண்டும். கூட்டாளி எவனாவது ஆபத்தை எதிர்த்து ஓடி வந்து தொட்டால், நின்றவன் மறுகணம் பறப்பான். தன் பாதுகாப்பை விட்டு வெளியே வந்து நண்பனைத் தொடத் துணிந்த பிள்ளையின் பெயரைத்தான் தெரு அன்று மாலை முழுவதும் சொல்லிக்கொண்டிருக்கும்.

இந்தத் தத்துவம் பூரண சாஸ்திரமாக வடிவெடுத்தது சடுகுடுவில். 1950-இல் அகில இந்தியக் கபடி சம்மேளனம் ஏற்பட்டு விதிகள் ஒழுங்கு பெறுமுன்பு, நாட்டில் மூன்று வகை ஆட்டங்கள் வழங்கின. சஞ்சீவனி என்ற வகையில், ஆட்டமிழந்து வெளியே உட்கார்ந்தவன் தன் கட்சிக்காரன் எதிரி ஒருவனை வீழ்த்தியதும் உயிர் பெற்று உள்ளே வருவான். காமினி என்ற வகையில் வெளியே போனவன் போனவன்தான். ஒரு கட்சி முழுவதும் அழியும்வரை ஆட்டம் நடக்கும். அமர் என்ற வகையில் தொடப்பட்டவன் வெளியேறுவதே இல்லை. எதிரிக்குப் புள்ளி மட்டும் சேரும். இன்று தொலைக்காட்சிக்காரர் கோடிக்கணக்கில் செலவு செய்து காட்டும் கடைசி மனிதன் போட்டி காமினி வகையைச் சேர்ந்தது. அந்த வகை நம்மிடமும் இருந்தது. ஆனால் சம்மேளனம் நிலையான விதியாகத் தேர்ந்துகொண்டது சஞ்சீவனியை. 2014-இல் தொடங்கிய புரோ கபடியிலும், கோட்டுக்கு வெளியே வரிசையாய் உட்கார்ந்திருக்கும் வீரர்களில் முதலில் போனவன் முதலில் எழுந்து வருவதைக் கோடிக்கணக்கான ஜனங்கள் பார்க்கிறார்கள். தெருவில் ஆடும்போது ஒரு பையன் மூச்சடக்கிப் பாடிக்கொண்டு எதிர்ப்பக்கம் போக, வெளியே குந்தியிருக்கும் மூன்று பேர், தாங்கள் எழுவதும் எழாததும் அவன் விரல் நுனியில் இருப்பதை அறிந்து, கழுத்தை நீட்டிக் கத்துவதைக் கண்டவர்கள், தோற்றவனும் ஆட்டத்தின் அங்கமாய் இருப்பது எப்படி என்பதைப் பிரத்தியட்சமாய் அறிவார்கள்.

குத்துச்சண்டையைச் சுருக்கமாகவே சொல்கிறேன். சினிமாவின் புண்ணியத்தால் சார்பட்டா பரம்பரை, இடியாப்ப நாயக்கர் பரம்பரை என்ற பெயர்கள் இன்று எல்லோருக்கும் தெரிந்தவை. வெள்ளைக்காரச் சிப்பாய்களும் மாலுமிகளும் கொண்டுவந்த வித்தையைத் துறைமுகத் தொழிலாளரும் மீனவரும் கற்று, குருபரம்பரையாக ஆக்கி, பரம்பரையின் மானத்தை ஒரு மனிதனின் தாடையில் ஏற்றிவைத்தார்கள். விழுந்தவனுக்குப் பத்து எண்ணும் வரை அவகாசம் கொடுக்கும் விதியே அவ்வாட்டத்தின் தர்மம் என்று நான் கருதுகிறேன். 1980-இல் முகம்மது அலி சென்னைக்கு வந்து நேரு விளையாட்டரங்கில் ஜிம்மி எல்லிஸுடன் காட்சிப் போட்டி ஆடியபோது, அதைக் காணத் திரண்ட கூட்டத்தின் உற்சாகத்துக்குப் பின்னால் இந்தப் பரம்பரைகளின் பல பத்தாண்டுக் காலச் சாதகம் இருந்தது.

இங்கே ஒரு கசப்பான விஷயத்தையும் மறைக்காமல் சொல்லவேண்டும். கண்ணாடித் தூளையும் வஜ்ஜிரத்தையும் சாயத்தையும் கலந்து நூலில் ஏற்றிக் காற்றாடி விடும் மாஞ்சா ஆட்டம், வடசென்னை மொட்டை மாடிகளின் பெரும் விநோதமாக நெடுங்காலம் இருந்தது. வானத்தில் இரண்டு நூல்கள் பின்னி ‘டீல்’ நடக்கும்போது தோற்பது காகிதம். அறுந்து மிதந்து வரும் காற்றாடியைப் பிடித்தவனுக்கு அது சொந்தமாதலால், அதுவும் மறுபிறவி பெறும். ஆனால் அறுந்த நூல் சாலையின் குறுக்கே தொய்ந்து, மோட்டார் சைக்கிளில் போகிறவர்களின் கழுத்தையும், முன்னால் உட்கார்ந்த குழந்தைகளின் கழுத்தையும் அறுத்துக் கொன்றிருக்கிறது. சம்பந்தமே இல்லாத ஒருவர் உயிரை விடும் ஆட்டத்துக்கு எந்த நியாயமும் இல்லை. சென்னைப் போலீஸார் அதைத் தடை செய்தது சரியே. தடையையும் மீறி அது அவ்வப்போது தலைகாட்டுவது வெட்கப்படத் தக்கது.

மணலை இழந்த பிரதேசம் தனக்கென்று சம்பாதித்துக்கொண்ட மகத்தான ஆட்டம் கேரம். எழுபத்து நான்கு சென்டிமீட்டர் சதுரப் பலகை, பத்தொன்பது காய்கள், ஒரு ஸ்டிரைக்கர், மேலே தொங்கும் ஒரு பல்பு, கொஞ்சம் போரிக் பவுடர். இவ்வளவு இருந்தால் ஷிப்டு முடிந்து வந்தவனும் வேலை கிடைக்காதவனும் ஒரே பெஞ்சில் உட்காரலாம். சர்வதேசக் கேரம் சம்மேளனமே 1988-இல் சென்னையில்தான் தோன்றிற்று. இந்நகரின் மரிய இருதயம் 1991-இலும் 1995-இலும் உலகப் பட்டம் வென்றார். வியாசர்பாடியின் இளவழகி 2008-இல் உலக சாம்பியன் ஆனார். புது வண்ணாரப்பேட்டையில் ஆட்டோ ஓட்டுநர் ஒருவரின் மகளான காசிமா 2024-இல் அமெரிக்காவில் மூன்று தங்கப் பதக்கங்களை வென்றார்.

இனிக் கணினி ஆட்டங்களுக்கு வருவோம். ஜப்பானிய எழுத்தாளர் கௌஷுன் தகாமி 1999-இல் வெளியிட்ட ‘பேட்டில் ராயல்’ நாவலில் வேர் கொண்ட பப்ஜி, தீவொன்றில் நூறு பேரைப் பாராசூட்டில் இறக்கி ஒருவன் எஞ்சும்வரை சுடச் சொல்லும் ஆட்டம். 2018-இல் கைபேசிக்கு வந்ததும், பிரவுசிங் சென்டரில் மணிக்கு இவ்வளவு என்று காசு கொடுத்து ஆடிவந்த பிள்ளைகளைச் சந்து முனைக்குக் கொண்டுவந்தது. 2020 செப்டம்பரில் மத்திய சர்க்கார் தடைசெய்ய, 2021-இல் அது வேறு பெயரில் திரும்பிற்று. ‘ஸ்குவிட் கேம்’ வெளியான அடுத்த மாதமே ‘கிராப் கேம்’ என்ற இலவச ஆட்டம் வந்தது. 2023-இல் 456 மனிதர்களை நிஜமாகவே கூட்டி, சுடாமல் வெளியேற்றும் போட்டி ஒன்றையும் நெட்பிளிக்ஸ் எடுத்தது.

இவை எல்லாவற்றிலும் நான் கவனித்த ஒரு போக்கு உண்டு. பப்ஜியை நால்வர் கூட்டாக ஆடினால், சுடப்பட்டவன் உடனே சாவதில்லை. தவழ்ந்து கிடக்கும் அவனருகே கூட்டாளி குனிந்து சில விநாடி நின்றால் எழுந்துவிடுகிறான். 2019-இல் ‘அபெக்ஸ் லெஜண்ட்ஸ்’, ‘ஃபோர்ட்நைட்’ இரண்டும் மாண்ட கூட்டாளியைத் திரும்பக் கொண்டுவரும் வழி வைத்தன. 2020-இல் ‘வார்ஸோன்’ மாண்டவனைச் சிறைக்கூடத்தில் ஒற்றைக்கு ஒற்றை சண்டையிட்டு மீள அனுமதித்தது. தமிழ் ‘சர்வைவர்’ நிகழ்ச்சியிலும் விலக்கப்பட்டவர்கள் ‘மூன்றாம் உலகம்’ என்ற தனித் தீவில் காத்திருந்து போட்டியிட்டுத் திரும்பி வர இடம் இருந்தது. காமினியாகத் தொடங்கியவை எல்லாம் சஞ்சீவனியை நோக்கி நகர்ந்திருக்கின்றன. வெளியே உட்கார்ந்தவனுக்கு நம்பிக்கை இல்லாவிட்டால் பார்ப்பவனுக்கும் சுவை இல்லை என்பதை வியாபாரிகள் கணக்குப் பார்த்துக் கண்டுபிடித்தார்கள். சடுகுடு ஆடியவர்கள் அதைக் கணக்குப் பார்க்காமலே அறிந்திருந்தார்கள்.

அவர்களுக்கு எங்கிருந்து இந்த அறிவு வந்தது என்று யோசிக்கும்போது, ஆலைகளின் வரலாற்றையே என் மனம் நாடுகிறது. பெரம்பூரின் பின்னி ஆலைத் தொழிலாளர் 1918-இல் சங்கம் கண்டு, 1921-இல் மாதக்கணக்காகப் பட்டினி கிடந்து போராடினார்கள். அதே ஆலை 1996-இல் நிரந்தரமாகப் பூட்டப்பட்டது. எண்ணூர் அனல்மின் நிலையம் 2017-இல் மூடப்பட்டது. இந்தப் பக்கத்து வீடுகளில் வேலை போனவன் என்றால் பெரும்பாலும் போனவன்தான். எழுந்து உள்ளே வா என்று அவனைக் கூப்பிடும் விதி எந்த ஆலையின் நிலையாணையிலும் இல்லை. அவ்விதியைத் தெருவில் கோடு கிழித்துப் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுத்தவர்கள், பகலெல்லாம் அவ்விதி இல்லாத இடத்தில் வேலை செய்துவிட்டு வந்த அண்ணன்மாரும் மாமன்மாரும்தான்.