சாலை என்னும் சொல்லும் பெண்களின் மிதிவண்டிப் பந்தயமும்

பாறசாலை என்ற ஊர்ப்பெயரின் ஈற்றில் நிற்கும் 'சாலை' என்ற சொல்லுக்குத் தென்திருவிதாங்கூரில் நீண்ட வரலாறு உண்டு. எல்லைக்கு இப்பால் முன்சிறையை அடுத்த பார்த்திவசேகரபுரத்தில், ஆய் மன்னன் கோக்கருநந்தடக்கன் கி.பி. 866-இல் ஒரு சாலையை நிறுவினான். அது வழி அன்று. 95 மாணவர்கள் தங்கிக் கற்பதற்கான கல்வி நிலையம். அப்பால் திருவனந்தபுரத்தில், ஆ. மாதவனின் கதைகள் வழி நாம் அறிந்த 'சாலை' ஒரு கடைத்தெரு. இன்றைய பொதுத்தமிழில் சாலை என்றால் வண்டிகள் செல்லும் பெருவழி. கல்விக்கூடம், அங்காடி, பெருவழி ஆகிய மூன்றும் ஒரு சொல்லுக்குள் அடங்குகின்றன. 19-ஆம் நூற்றாண்டுத் திருவிதாங்கூரில் யார் எங்கே நுழையலாம் என்ற போராட்டம் நடந்த இடங்களும் இவையே.

பெண்களின் பன்னாட்டுச் சாலை மிதிவண்டிப் போட்டியின் வரலாற்றை இந்தச் சொல்லின் வழியாக அணுகலாம் என்பது என் கருத்து. விளையாட்டு வரலாறுகள் பெரும்பாலும் பதக்கப் பட்டியலில் தொடங்குகின்றன. சாலைப் பந்தயத்தைப் பொறுத்தவரை, பதக்கத்துக்கு முன் கேட்க வேண்டிய கேள்வி வேறு: சாலை யாருடையது?

1. அரங்கமும் சாலையும்

ஓடுதளப் பந்தயத்துக்கு ஓர் அரங்கம் போதும். உரிமையாளர் வாடகைக்கு விட்டால் எவரும் அதில் ஓட்டலாம். சாலைப் பந்தயத்தின் தன்மை வேறு. பல மணி நேரம் பொதுவழியை அடைக்க வேண்டும். காவல்துறை நிற்க வேண்டும். ஊர்கள் விலகி வழிவிட வேண்டும். ஆகவே பெண்களுக்காக ஒரு சாலைப் பந்தயம் நடத்துவது என்பது, அரசும் ஊரும் சில மணி நேரமேனும் 'இது உங்கள் வழி' என்று ஏற்றுக்கொள்வதாகும்.

இந்த வேறுபாட்டைத் தொடக்கக் காலத்திலேயே காணலாம். 1868 நவம்பர் 1-ஆம் நாள் பிரான்சின் போர்தோ நகரப் பூங்கா ஒன்றில் பெண்கள் பந்தயம் ஓட்டினர். லண்டனின் ராயல் அக்வேரியம் அரங்கில் 1895 நவம்பரில் பெண்களுக்கான பன்னாட்டுப் பந்தயம் நடந்தது. இரண்டுமே அடைப்புக்குள் நடந்த காட்சிகள். இவற்றுக்கிடையே, 1869-இல் பாரிஸிலிருந்து ரூவான் வரை நடந்த, ஊர்விட்டு ஊர் செல்லும் முதல் பந்தயமாகக் கருதப்படும் ஓட்டத்தில் ஒரு பெண் 29-ஆம் இடத்தில் வந்து சேர்ந்தார். பட்டியலில் அவர் பெயர் 'மிஸ் அமெரிக்கா'. பெண் சாலைக்கு வந்தபோது தன் பெயரை வீட்டில் விட்டுவிட்டு வர நேர்ந்தது.

2. 1893: இரண்டு பயணங்கள்

1893 செப்டம்பரில் டெஸ்ஸி ரேனால்ட்ஸ் என்ற 16 வயதுப் பெண் இங்கிலாந்தின் பிரைட்டனிலிருந்து லண்டனுக்குச் சென்று திரும்பினார். ஏறத்தாழ 190 கிலோமீட்டர் தொலைவை எட்டரை மணி நேரத்தில் கடந்தார். பத்திரிகைகள் அவருடைய வேகத்தைக் காட்டிலும் அவர் அணிந்திருந்த முழங்கால் அளவுக் காற்சட்டையைப் பற்றியே அதிகம் எழுதின.

அதே 1893-இல் நெய்யாற்றின்கரை வட்டத்து வெங்ஙானூரில் அய்யன்காளி ஒரு வில்லுவண்டி வாங்கி, வெண்காளைகளைப் பூட்டி, புலையர் நடக்கக் கூடாது என்று தடுக்கப்பட்டிருந்த பொதுவழியில் ஓட்டிச் சென்றார். கேரள வரலாற்றில் இது 'வில்லுவண்டி சமரம்' எனப்படுகிறது.

இவ்விரண்டையும் ஒரே தட்டில் வைக்க முடியாது. ரேனால்ட்ஸ் எதிர்கொண்டது ஏளனம். அய்யன்காளியும் அவருடன் நின்றோரும் எதிர்கொண்டது அடியும் குருதியும். சாதி விலக்கின் கொடுமையைப் பாலின விலக்கோடு சமப்படுத்துவது ஆய்வு நேர்மை ஆகாது. ஆயினும் இரண்டிலும் வெளிப்படும் உண்மை ஒன்று: பொதுவழி என்ற பெயருக்குள் எல்லோரும் அடங்கவில்லை. வண்டியேறிச் சென்று காட்டியபோதுதான் அந்தப் பொய் வெளிப்பட்டது.

உடை பற்றிய செய்தியும் இப்பகுதிக்குப் புதிதன்று. தோள்சீலைப் போராட்டத்தின்போது கல்குளம், விளவங்கோடு, நெய்யாற்றின்கரைப் பகுதிகளில் நாடார் பெண்களின் மேலாடை அங்காடிகளிலும் வழிகளிலும் கிழிக்கப்பட்டது. 1829-ஆம் ஆண்டு அரசாணை குப்பாயத்தை அனுமதித்து, தோள்சீலையை மறுத்தது. 1859 ஜூலையில்தான், அதுவும் உயர்சாதிப் பெண்களைப் போல உடுத்தலாகாது என்ற நிபந்தனையோடு, மேலுடலை மறைக்கும் உரிமை அறிவிக்கப்பட்டது. இங்கே மறைக்கக் கூடாது என்ற தடை. இங்கிலாந்தில் காற்சட்டை கூடாது என்ற கண்டனம். திசைகள் வேறு, சாலையில் பெண் எப்படித் தோன்ற வேண்டும் என்பதைப் பிறர் முடிவு செய்தது பொது.

சாலையின் மற்றொரு பொருளான கல்விக்கூடமும் இதே வட்டாரத்தில் போராட்டக் களமாயிற்று. ஊரூட்டம்பலம் பள்ளிக்கு அய்யன்காளி பஞ்சமி என்ற சிறுமியை அழைத்துச் சென்றபோது பள்ளி தீக்கிரையாக்கப்பட்டது. வழிக்காகப் போராடியவரே பள்ளிக்காகவும் போராட நேர்ந்தது தற்செயல் அன்று. பள்ளிக்குச் செல்ல வழி வேண்டும். வழியில் செல்வதற்கான காரணங்களுள் முதன்மையானது பள்ளி.

3. தாமதமாகத் திறந்த சாலை

1896-ஆம் ஆண்டு ஏதென்ஸ் ஒலிம்பிக்கிலேயே ஆண்களின் சாலைப் பந்தயம் இடம்பெற்றது. பெண்களுக்கான உலகச் சாலைப் போட்டி 1958-இல்தான் தொடங்கியது. பிரிட்டனின் ஐலீன் கிரே போன்றோர் ஆண்டுக்கணக்கில் பன்னாட்டுக் கூட்டமைப்பை வற்புறுத்தியதன் பயன் அது. அந்த ஆகஸ்டில் பிரான்சின் ரான்ஸ் நகரில் லக்சம்பர்க்கின் எல்சி ஜேக்கப்ஸ் முதல் உலக வாகையரானார். தொலைவு ஏறத்தாழ 60 கிலோமீட்டர் மட்டுமே. அதே ஆண்டு நவம்பரில் மிலான் ஓடுதளத்தில் அவர் ஒரு மணி நேரத்தில் 41.347 கிலோமீட்டர் ஓட்டி நிறுவிய சாதனை 1972 வரை நிலைத்தது.

பெண்ணுடல் நீண்ட தொலைவைத் தாங்காது என்பதே குறுகிய தொலைவுக்குச் சொல்லப்பட்ட காரணம். 1967-இல் இங்கிலாந்தின் பெரில் பர்ட்டன் 12 மணி நேரத்தில் 446 கிலோமீட்டர் ஓட்டி, ஆண்களுக்கான பிரிட்டன் சாதனையையும் கடந்தார். சான்று கிடைத்த பின்னும் விதி அசையவில்லை. ஒலிம்பிக்கில் பெண்களின் சாலைப் பந்தயம் 1984-இல்தான் நுழைந்தது. லாஸ் ஏஞ்சலஸில் அமெரிக்காவின் கோனி கார்பென்டர் வென்றார். ஆண்களுக்கும் பெண்களுக்கும் இடையே 88 ஆண்டு இடைவெளி.

4. புதுக்கோட்டையில் சேர்ந்த இரு பொருள்கள்

தமிழ்நாட்டில் பெண்களும் மிதிவண்டியும் என்றால் புதுக்கோட்டையைத் தவிர்த்துப் பேச இயலாது. 1991-இல் அங்குத் தொடங்கிய அறிவொளி இயக்கம், ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத்தின் முனைப்பில், எழுத்தறிவோடு மிதிவண்டிப் பயிற்சியையும் இணைத்தது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட ஊரகப் பெண்கள் ஓட்டக் கற்றனர் என்று பி. சாய்நாத் பதிவு செய்துள்ளார். பெண்களுக்கான வண்டிகள் போதாமல் அவர்கள் ஆண்கள் வண்டியையே ஓட்டினர்; முன்கம்பியில் குழந்தையை அமர்த்தலாம் என்பதால் சிலர் அதையே விரும்பினர். அங்கு நடந்தது வாகைப் போட்டி அன்று. ஆனால் கல்விக்கூடம், பெருவழி என்ற சாலையின் இரு பொருள்களும் ஒரே இயக்கத்தில் சேர்ந்தன. விளைபொருளை அங்காடிக்குக் கொண்டுசெல்லவும் அவர்கள் மிதிவண்டியைப் பயன்படுத்தியதால் மூன்றாம் பொருளும் உடன் வந்தது.

5. தில்லி, கிகாலி, எல்லைக் கிராமங்கள்

2010 அக்டோபரில் புதுதில்லியின் சாலைகள் காமன்வெல்த் விளையாட்டுகளின் பெண்கள் சாலைப் பந்தயத்துக்காக அடைக்கப்பட்டன. ஆஸ்திரேலியாவின் ரொஷேல் கில்மோர் வென்றார். 2025 செப்டம்பரில் ருவாண்டாவின் கிகாலியில், ஆப்பிரிக்காவில் முதன்முறையாக, உலகச் சாலைப் போட்டி நடந்தது. கனடாவின் மாக்தலன் வாலியேர் பெண்கள் பிரிவில் வாகை சூடினார். 1958-இன் 60 கிலோமீட்டர் அங்கே ஏறத்தாழ 165 ஆகியிருந்தது, ஆண்களுக்கோ 267. உலகப் போட்டியின் பரிசுத்தொகை இப்போது இருபாலருக்கும் ஒன்று. தொலைவில் இன்னும் நூறு கிலோமீட்டர் மீதமுள்ளது.

மொழி மாணவர்கள் கவனிக்க ஒரு சொல். பொதுத்தமிழில் நாம் மிதிவண்டியை 'மிதிக்கிறோம்' அல்லது 'ஓட்டுகிறோம்'. களியக்காவிளையின் இருபுறத்திலும் சைக்கிளைச் 'சவிட்டுகிறார்கள்'. 1956 நவம்பர் 1-இல் விளவங்கோடு சென்னை மாநிலத்துக்கும் நெய்யாற்றின்கரை கேரளத்துக்கும் ஆயின, வினைச்சொல் பிரியவில்லை. வில்லுவண்டி, தோள்சீலை, ஊரூட்டம்பலம் ஆகியவற்றின் நினைவும் அப்படியே இருமொழிகளிலும் பொதுவாகக் கிடக்கிறது. ஆனால் தமிழ் ஆய்வுகள் களியக்காவிளையில் நின்றுவிடுகின்றன. மலையாள ஆய்வுகள் பாறசாலையில் நின்றுவிடுகின்றன.

பெண்களின் விளையாட்டு வரலாற்றை எழுத முனையும் மாணவர்கள் இந்த இரு ஊர்களுக்கும் இடைப்பட்ட சிறு தொலைவைக் கடந்து தரவு திரட்ட வேண்டும். முதலில் பள்ளிக்கு மிதிவண்டியில் சென்ற பெண்கள் யார், எந்த வழியாகச் சென்றார்கள், எந்த வழியைத் தவிர்த்தார்கள், என்ன உடுத்தினார்கள், யார் தடுத்தார்கள் என்ற கேள்விகளோடு மூத்த பெண்களிடம் செல்ல வேண்டும். பன்னாட்டுப் பந்தயச் சாலையின் தொடக்கப் பகுதி அவர்களுடைய நினைவில்தான் இருக்கிறது.