‘ஆட்சேபணை இல்லை’: இரட்டைமலை சீனிவாசனின் சட்டசபைப் பணியும் நமக்கான பாடமும்



கோயம்புத்தூர்க் கல்லூரியில் படித்த நாட்களைப் பற்றி இரட்டைமலை சீனிவாசன் தம் ஜீவிய சரித்திரச் சுருக்கத்தில் எழுதியிருக்கிறார். சாதி தெரிந்துவிடுமோ என்ற அச்சத்தில் சக மாணவர்களோடு விளையாடச் சேராமல் ஒதுங்கியே இருந்த பிள்ளை அவர். பள்ளிக்கு வெளியே நின்று நேரம் போக்கிவிட்டு, மணி அடித்த பிறகே உள்ளே நுழைவார். எல்லோருக்கும் பொதுவான இடத்துக்குள் தயங்காமல் கால் வைக்க அவரால் முடியவில்லை. அந்தப் பிள்ளைதான் பின்னாளில், பொதுவழியும் பொதுக்கிணறும் எல்லோருக்கும் உரியவை என்று சென்னைச் சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்தார். அவருடைய பொதுவாழ்வை இந்த இரண்டு நிகழ்வுகளுக்கு இடையில் வைத்தே நாம் வாசிக்க வேண்டும்.

சட்டசபைக்குள் நுழைந்தபோது அவர் அரசியலுக்குப் புதியவர் அல்ல. மதுராந்தகத்துக்கு அருகிலுள்ள கோழியாளத்தில் பிறந்தவர். நீலகிரியில் கணக்கர் வேலை பார்த்துவிட்டு 1890இல் சென்னைக்கு வந்தார். பறையர் மகாஜன சபையைக் கட்டினார். 1893 அக்டோபரில் ‘பறையன்’ இதழைத் தொடங்கினார். ஐ.சி.எஸ். தேர்வை இங்கிலாந்தில் மட்டுமல்லாமல் இந்தியாவிலும் நடத்த வேண்டும் என்று காங்கிரஸ் கோரியபோது, அதை எதிர்த்து மூவாயிரத்துக்கும் மேற்பட்டோரிடம் கையெழுத்து வாங்கிப் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்கு மனு அனுப்பினார். இங்கே தேர்வு நடந்தால் அதிகாரம் யார் கைக்குப் போகும் என்ற கேள்வியை அந்த மனு எழுப்பியது. பிறகு தென்னாப்பிரிக்கா சென்று நேட்டாலில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராகப் பணியாற்றித் தாயகம் திரும்பினார். 1923இல் சென்னைச் சட்டசபைக்கு நியமிக்கப்பட்டார்.

‘நியமிக்கப்பட்டார்’ என்ற சொல்லை நாம் கவனிக்க வேண்டும். மாண்டேகு செம்ஸ்போர்டு சீர்திருத்தப்படி அமைந்த அந்தச் சபைக்கு, சொத்தும் வரியும் உடையவர்களே வாக்களித்தார்கள். நிலமற்ற நம் மக்களில் மிகப் பெரும்பாலோர் வாக்காளர் பட்டியலிலேயே இல்லை. அதனால் ஒடுக்கப்பட்டோரின் பிரதிநிதிகளை அரசாங்கமே நியமித்தது. அவர்களுக்குப் பின்னால் வாக்கு வங்கியோ பெரும்பான்மையோ கிடையாது. அவர்கள் கையில் இருந்தவை கேள்வியும் தீர்மானமும் பேச்சும் மட்டுமே.

அந்தச் சிறு கருவிகளைக்கொண்டு என்ன செய்ய முடிந்தது என்று பார்ப்போம். 1922இல் எம்.சி. ராஜா, ‘பறையர்’, ‘பஞ்சமர்’ என்ற பெயர்களை அரசு ஆவணங்களில் விலக்கி, ‘ஆதிதிராவிடர்’, ‘ஆதிஆந்திரர்’ என்று வழங்கச் செய்தார். இழிவு ஏற்றப்பட்ட பெயரைக் கைவிடுவது ராஜாவின் வழி. அதே பெயரை இதழின் தலைப்பாகவே வைத்து நிமிர்ந்து நிற்பது சீனிவாசனின் வழி. இரண்டு வழிகளும் ஒரே சபையில் அடுத்தடுத்துப் பேசின. இதைப் பகையாகக் காட்டும் வழக்கம் நம்மிடையே உண்டு. இரண்டும் ஒரே இழிவுக்கு எதிரான இரண்டு உத்திகள் என்றே நாம் கருதுகிறோம்.

1924 ஆகஸ்டில் சீனிவாசன் தம் தீர்மானத்தை முன்மொழிந்தார். எந்த வகுப்பைச் சேர்ந்தவரும் ஊரின் பொதுச்சாலையிலோ தெருவிலோ நடப்பதற்கு ஆட்சேபணை இல்லை என்றும், பொது அலுவலகம், கிணறு, குளம், பொதுமக்கள் கூடும் இடம் ஆகியவற்றைச் சாதி இந்துக்களைப் போலவே பயன்படுத்தலாம் என்றும் அது கூறியது. சபை ஏற்றுக்கொண்டது. செப்டம்பரில் அரசாணையும் வந்தது. அதே ஆண்டில்தான் வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருக்களில் நடப்பதற்காக மக்கள் சிறை சென்றுகொண்டிருந்தார்கள் என்பதை நினைத்தால், இந்தத் தீர்மானத்தின் எடை புரியும்.

ஆனால் அதன் குறையையும் நாம் பேசியாக வேண்டும். ‘ஆட்சேபணை இல்லை’ என்று சொன்னது அரசாங்கம். ஊரில் ஆட்சேபித்தவர் ஊராரே. மறிப்பவரை என்ன செய்வது என்று அந்தத் தீர்மானம் சொல்லவில்லை. கிணற்றடியில் கைகலப்பு வந்தால் அரசாணையைக் காட்டி யாரும் தண்ணீர் எடுத்துவிட முடியாது. இந்த இடைவெளியை அன்றைய உறுப்பினர்களும் உணர்ந்தார்கள். கோவையைச் சேர்ந்த ஆர். வீரையன், உள்ளாட்சிச் சட்டங்களையே திருத்த வேண்டும் என்று மசோதா கொண்டுவந்தது அந்த உணர்விலிருந்துதான்.

சீனிவாசன் அந்த அனுபவத்தோடு லண்டனுக்குப் போனார். 1930இல் வட்டமேசை மாநாட்டுக்கு அம்பேத்கரும் அவரும் சென்றார்கள். இருவரும் சேர்ந்து அளித்த அரசியல் பாதுகாப்புத் திட்டத்தைச் சமூகவியல் மாணவர்கள் கட்டாயம் படிக்க வேண்டும். அதில் சம குடியுரிமை என்ற அறிவிப்போடு அவர்கள் நிற்கவில்லை. உரிமையைத் தடுப்பது தண்டனைக்குரிய குற்றம் என்றார்கள். சமூகப் புறக்கணிப்பு எது என்று வரையறுத்து, அதையும் குற்றமாக்கக் கோரினார்கள். வேலை கொடுக்க மறுப்பது, நிலத்தைக் குத்தகைக்கு விட மறுப்பது, கொடுக்கல் வாங்கலை நிறுத்துவது என்று ஊர்க்கட்டுப்பாட்டின் ஒவ்வொரு கண்ணியும் அதில் பெயர் பெற்றது. 1924இன் ‘ஆட்சேபணை இல்லை’ ஆறே ஆண்டுகளில் ‘தடுத்தால் தண்டனை’ என்று வளர்ந்தது. 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் சமூக, பொருளாதாரப் புறக்கணிப்பு தனிக் குற்றமாகச் சேர 2015ஆம் ஆண்டுத் திருத்தம் வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்தத் திட்டத்தின் மற்றொரு உயிர்நாடி தனித்தொகுதி வாக்குரிமை. 1932இல் வகுப்புவாரித் தீர்ப்பு அதைத் தந்தது. காந்தியின் உண்ணாவிரதத்துக்குப் பின் வந்த பூனா ஒப்பந்தம் அதைப் பறித்தது. அந்த ஒப்பந்தத்தில் சீனிவாசனும் கையெழுத்திட்டார். சென்னை மாகாணத்தில் இடங்கள் 18இலிருந்து 30ஆக உயர்ந்தன. ஆனால் யார் வெல்வது என்பதை இறுதியில் எல்லா வாக்காளர்களும் முடிவுசெய்யும் கூட்டுத்தொகுதி முறை வந்தது. இடம் கூடியது, தேர்ந்தெடுக்கும் அதிகாரம் குறைந்தது. காந்தியின் உயிர் பணயமாக வைக்கப்பட்ட நிலையில் இடப்பட்ட கையெழுத்து அது. அதை வைத்து மூத்தவர்களைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவது நியாயமல்ல. விளைவைப் பேசாமல் இருப்பதும் நேர்மையல்ல.

இன்று தமிழ்நாட்டுச் சட்டமன்றத்தில் 234 இடங்களில் 44 பட்டியல் சாதியினருக்கும் 2 பழங்குடியினருக்கும் ஒதுக்கப்பட்டிருக்கின்றன. நியமன உறுப்பினருக்கு இல்லாத வாக்கும் கட்சியும் கொறடாவும் இவர்களுக்கு உண்டு. கட்சியும் கொறடாவும் அனுமதிக்கும் அளவுக்குத்தான் பேச்சும் உண்டு. 2022 டிசம்பரில் புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில், தலித் குடியிருப்புக்கான தண்ணீர்த் தொட்டியில் மலம் கலக்கப்பட்டது வெளிப்பட்டது. கிணற்றைப் பற்றிய சீனிவாசனின் தீர்மானத்துக்கு அப்போது வயது 98. அரசாணையோடு வேலை முடிவதில்லை என்று அவர் கற்ற பாடத்தை நாம் இன்னும் படித்து முடிக்கவில்லை.

சீனிவாசன் 1945 செப்டம்பர் 18இல் மறைந்தார். அவருக்கு மாலை போடுவதற்கு நம்மிடையே ஆட்கள் நிறைய இருக்கிறார்கள். இங்கே வந்திருக்கும் மாணவர்களிடம் நாம் வேறொன்றைக் கேட்கிறோம். உங்கள் மாவட்டத்துத் தனித்தொகுதி உறுப்பினர் சட்டமன்றத்தில் கேட்ட கேள்விகளைத் தேடி எடுங்கள். மயானப் பாதை, பஞ்சமி நிலம், இரட்டைக் குவளை, தண்ணீர் பற்றி அவர் எத்தனை முறை பேசினார் என்று எழுதி வையுங்கள். பிறகு அந்தத் தாளோடு அவர் வீட்டுக்குப் போங்கள். வாக்கே இல்லாத நம் முன்னோர் நியமன உறுப்பினர்கள் வழியாகக் கேள்வி கேட்டார்கள். வாக்குள்ள நாம் அவரை நேரிலேயே கேட்கலாம்.