யார் திரும்பவில்லை? 'கேண்டிட் கேமரா'வும் அன்றாட நடத்தை வரலாறும்

முன்னுரை

அரசாணை, நாளிதழ், நாட்குறிப்பு ஆகிய சான்றுகள் மனிதர் சொன்னவற்றையும் எழுதியவற்றையுமே பெரிதும் காக்கின்றன. அறிமுகமற்றோரிடையே நிற்கும் ஒருவர் எவ்வாறு நடந்துகொண்டார் என்பதற்கு அவற்றில் சான்று அரிது. அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரான 'கேண்டிட் கேமரா' அவ்விடைவெளியை ஓரளவு நிரப்புகிறது. அதனை வரலாற்றுச் சான்றாகக் கொள்வதற்குரிய எல்லையை இக்கட்டுரை ஆராய்கிறது.

தோற்றம்

ஆலன் ஃபன்ட் இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் அமெரிக்கப் படையில் பணியாற்றியவர். அங்கு வீரர்களின் மனக்குறைகளை ஒலிப்பதிவு செய்தபோது, பதிவைக் குறிக்கும் சிவப்பு விளக்கு எரிந்ததும் அவர்கள் பேச்சுத் தடுமாறியதைக் கண்டார். விளக்கை நீக்கியபின் பேச்சு இயல்பாயிற்று. இவ்வனுபவத்தின் வழியே 1947இல் 'கேண்டிட் மைக்ரோஃபோன்' என்னும் வானொலி நிகழ்ச்சி பிறந்தது. 1948இல் அது தொலைக்காட்சிக்கு வந்து, பின்னர் 'கேண்டிட் கேமரா' எனப் பெயர் பெற்றது.

மின்தூக்கிக் காட்சி

1962இல் ஒளிபரப்பான ஒரு காட்சியில், மின்தூக்கியில் ஏறும் நடிகர்கள் அனைவரும் கதவுக்கு முதுகுகாட்டி நிற்கின்றனர். ஏதும் அறியாத பயணி ஒருவர் கைக்கடிகாரத்தைப் பார்ப்பவர்போல் மெல்லத் திரும்புகிறார். இச்சைகை கருதத்தக்கது. இணங்குவதோடு அமையாமல், இணக்கத்திற்கு ஒரு காரணத்தையும் அவர் உடல் தேடிக்கொள்கிறது. எந்த வினாநிரலும் இதனைப் பதிவு செய்திருக்க இயலாது.

சான்றின் எல்லை

இக்காட்சியை உளவியல் வகுப்புகள் சாலமன் ஆஷின் ஆய்வுகளுக்கு விளக்கமாகக் காட்டுவதுண்டு. 1950களில் கோடுகளின் நீளத்தை ஒப்பிடச் செய்த அவ்வாய்வுகளில், குழுவினர் வேண்டுமென்றே தவறாக விடையளித்த சுற்றுகளில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு விடைகள் குழுவுக்கு இணங்கின. எனினும் பங்கேற்றோருள் ஏறத்தாழ நால்வரில் ஒருவர் ஒருமுறைகூட இணங்கவில்லை. ஆய்வகம் இவரையும் எண்ணிக்கையில் சேர்த்தது. தொலைக்காட்சிக்கோ, திரும்பாமல் நின்றவரால் பயனில்லை. சிரிப்பு எழாத காட்சி ஒளிபரப்புக்கு உதவாது. படம்பிடித்தபின் பெறப்பட்ட எழுத்துவழி இசைவும் மற்றொரு வடிகட்டியாயிற்று. எனவே, எத்தனை பேர் இணங்கினர் என்னும் வினாவுக்கு இத்தொடர் விடை தராது.

முடிவுரை

இணக்கம் எவ்வாறு நிகழ்ந்தது என்பதற்கு இத்தொடர் வலுவான சான்று. எவ்வளவு பரவலாக நிகழ்ந்தது என்பதற்குச் சான்றன்று. இவ்வேறுபாட்டை மறந்தால், ஒரு தலைமுறையே எண்ணாது பணிந்தது என்னும் பிழையான முடிவு எழும். திரும்பாதவர் திரையில் இல்லை என்பது, அவர் சமூகத்திலும் இல்லை என்பதாகாது.