கொரல்லினா: பாறைக்கரையின் சுண்ணாம்புப் பாசி

கொரல்லினா அஃபிசினாலிஸ் என்பது அலை மோதும் கடற்பாறைகளில் வளரும் சிவப்புப் பாசி. உடலெங்கும் சுண்ணாம்பு ஏறி விறைத்திருப்பதால் பார்ப்பவர் பவளம் என்றே நினைப்பர். பவளம் விலங்கு, இதுவோ ஒளிச்சேர்க்கையால் வாழ்வது. அறிஞர்களும் இதில் தடுமாறினர். ஜான் எல்லிஸ் 1755இல் வெளியிட்ட நூலில் இதை விலங்குகளோடு சேர்த்தார்; 1758இல் பெயரிட்ட லின்னேயசும் அப்படியே வகைப்படுத்தினார். அக்கால ஐரோப்பாவில் இது குடற்புழு மருந்தாகவும் பயன்பட்டது.

பாறையோடு ஒட்டிய மேலோட்டிலிருந்து சில சென்டிமீட்டர் உயரத்துக்குக் கிளைகள் எழும்பும். ஒவ்வொரு கிளையும் கணுக்களால் இணைந்த சிறு துண்டுகளால் ஆனது. துண்டுகளில் மக்னீசியம் மிகுந்த கால்சைட் நிறைந்திருக்கும். கணுக்களில் சுண்ணாம்பு இராது. கணு வளைந்து கொடுப்பதால்தான் அலையடியில் கிளை முறியாமல் சாய்ந்து நிமிர்கிறது. நிறம் இளஞ்சிவப்பு முதல் ஊதா வரை. வெயிலில் காய்ந்து மடிந்தால் வெளுத்துவிடும். இவ்வகைக் கால்சைட் எளிதில் கரைவதால், கடல்நீர் அமிலமாவது இப்பாசிக்கு நேரடி ஆபத்து.

சிட்னியில் பொட்டனி விரிகுடாவின் கேப் பேங்க்ஸ் போன்ற மணற்கல் மேடைகளில், கடல் வற்றும்போது இதன் அடர்ந்த படுகை வெளிப்படும். அதன்மேல் நடப்பவர் கண்ணுக்கு வெறும் சொரசொரப்பான தரை. கிளைகளுக்கிடையே மணலும் ஈரமும் தங்குவதால் குட்டி நத்தைகள், புழுக்கள், இறால் இனச் சிற்றுயிர்கள் என நூற்றுக்கும் மேற்பட்ட வகைகள் அங்கே குடியிருப்பதை சிட்னி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பதிவுசெய்துள்ளனர். செயற்கைப் புல்லைப் பாறையில் பதித்து, கிளைகளின் அடர்த்தியும் நீளமும் இவ்வுயிர்களை எப்படிப் பாதிக்கின்றன என்றும் சோதித்தார்கள். விரலளவுகூட உயராத ஒரு பாசி இத்தனை உயிர்களுக்கு இடம் தருவது, கரையோரத்தைக் காக்க நினைப்பவர்கள் முதலில் அறிய வேண்டிய செய்தி.

பெயர் விஷயத்தில் எச்சரிக்கை தேவை. ஆஸ்திரேலியப் படுகைகளை நெடுங்காலமாக அஃபிசினாலிஸ் என்றே எழுதிவந்தனர். ஆனால் 2009இல் கொரல்லினா கேஸ்பிடோசா தனி இனமாக விவரிக்கப்பட்டது. டிஎன்ஏ ஆய்வுகளும் பழைய பெயருக்குள் பல இனங்கள் மறைந்திருப்பதைக் காட்டுகின்றன. தமிழகக் கரையை ஒட்டிய மன்னார் வளைகுடாவில் கொரல்லினாவின் உறவினர்களான ஆம்பிரோவா, ஜேனியா வகைகள் வளர்கின்றன. மண்டபம் பகுதிப் பெண்கள் அகர் எடுக்கச் சேகரிக்கும் பாசிகள் வேறு.

மெல்பர்ன் பக்கம் இப்பாசிப் படுகையின் கதை சிக்கலானது. நகரின் தென்கிழக்குக் கழிவுநீர் 1975 முதல் மார்னிங்டன் தீபகற்பத்தின் போக்ஸ் பாறைகளருகே கடலில் விடப்பட்டது. உள்ளூரில் நெப்டியூனின் கழுத்தணி எனப்படும் ஹார்மோசிரா என்ற பழுப்புப் பாசி அங்கே அருகியது. சுண்ணாம்புப் படுகை அவ்விடத்தைப் பிடித்துக்கொண்டது. ஹார்மோசிராவை மீட்கும் முயற்சி பற்றி 2010இல் வெளியான ஆய்வு, அதைத் திரும்ப விடாமல் தடுப்பது இப்படுகையே என்று கண்டது. கழிவுநீர் மூன்றாம் நிலைச் சுத்திகரிப்புக்கு 2012இல் மாறியது. ஆனால் நீர் தெளிந்தாலும், பாறையில் இடம் பிடித்த கொரல்லினா தானாக விலகிவிடும் என்று சொல்ல முடியாது.